கோயிலுக்குப் பின்னால் இருக்கும் தெரு

காஞ்சிபுரத்துக்கு கேமரா வந்தால் நேராகக் கோபுரத்துக்குப் போகும், அங்கிருந்து பட்டுக்கடைக்கு. விடியுமுன் மாடவீதியைக் கூட்டுகிறவர்கள் வேலை முடித்து வீடு திரும்பிய பிறகுதான் அது வெளியே எடுக்கப்படும்.

அதனால்தான் அமுதன் ஆர்.பி. 2003இல் எடுத்த 'பீ' ஆவணப்படம் எங்களுக்கு முக்கியம். அதுவும் கோயில் நகரம்தான், மதுரை. ஆனால் கேமரா நிற்பது கோயிலுக்குப் பின்னால் உள்ள தெருவில். அங்கே மனித மலத்தை அள்ளும் தலித் பெண் ஒருவரின் அன்றாட வேலையை அது கூடவே நடந்து பார்க்கிறது. அரைமணி நேரம்கூட இல்லாத படம். மலம் அள்ள ஆள் வைப்பதைத் தடைசெய்த சட்டம் 1993லேயே வந்துவிட்டது என்பதை நினைவில் வைத்துக்கொண்டு பாருங்கள், தோழர்களே.

இப்படிக் கூடவே நடக்க முன்பு காசு வேண்டும். 16 எம்.எம். பிலிமில் 400 அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். அப்புறம் லேப் செலவு. மினி டிவி கேசட் வந்தபோது ஒன்றிலேயே ஒரு மணி நேரம் ஓடியது. அவசரமில்லாமல் பார்க்கும் வசதி அப்போதுதான் ஏழைக் கலைஞர்களுக்குக் கிடைத்தது.

பிலிம் காலத்திலும் வழி தேடியவர்கள் உண்டு. தமிழில் 'அக்ரகாரத்தில் கழுதை' எடுத்த ஜான் ஆபிரகாம், கேரளத்தில் ஒடேசா குழுவோடு ஊர் ஊராகப் படம் போட்டு, மக்களிடம் சில்லறை வசூலித்தே 1986இல் 'அம்ம அறியான்' எடுத்தார்.

எடுப்பதைவிடக் காட்டுவதுதான் கஷ்டம். திவ்யபாரதியின் 'கக்கூஸ்' 2017இல் வந்தபோது திரையிடலுக்குக் காவல்துறை அனுமதி மறுத்தது. படம் யூடியூபில் ஏறியது. கைபேசி வழியாக வீடுகளுக்குள் போனது.

'பீ' படத்தை எங்கள் தெருவில், இரவல் புரொஜெக்டரில், சுவரில் கட்டிய வேட்டியில் போட்டோம். பாதியில் ஓர் அக்கா எழுந்துவிட்டார். "காலையில இதைத்தான் பார்த்துட்டு வந்தேன், ராத்திரியும் பாக்கணுமா? மாடவீதியில போய்ப் போடுங்கப்பா."

எங்களுக்குச் சுருக்கென்றது. இத்தனை நாள் யாருக்குப் போட்டுக் காட்டிக்கொண்டிருந்தோம்? மறுவாரமே மாடவீதிப் பக்கம் ஒரு மண்டபம் கேட்டோம். படத்தின் பெயரைச் சொன்னதும் அங்கிருந்தவர், தேதி இல்லை என்றார். வேட்டியைத் துவைத்து மடித்து வைத்திருக்கிறோம், அடுத்த மண்டபத்துக்கு.