ஷவர்த் தளமும் சுவர் டைல்ஸும்: பெரம்பலூர், அரியலூர் வட்டாரத்துக் கட்டுமான முறை

குளியலறையில் ஷவருக்கு நேர் கீழே, மேலிருந்து விழும் நீர் முழுவதையும் ஏற்று, சிறிதும் தேங்கவிடாமல் வடிகாலுக்கு அனுப்பும் பொருட்டு, மற்றத் தரையினின்றும் ஓர் அங்குலமேனும் தாழ்த்தி அமைக்கப்படும் பகுதி ஷவர்த் தளம் எனப்படும். அதைச் சூழ்ந்த சுவர்களில் ஏறக்குறைய ஏழடி உயரம் வரை டைல்ஸ் பதிப்பது அதனோடு பிரிக்கவொண்ணாத வேலை. மேல்நாடுகளில் இத்தளத்தை அக்ரிலிக்கில் வார்த்த தொட்டியாகவே கடையில் வாங்கிப் பொருத்துவது சாதாரணம். பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களிலோ, தமிழகத்தின் பிற இடங்களைப் போலவே, கொத்தனார் தம் கரணையால் அந்தந்த வீட்டிலேயே அதை உருவாக்குகிறார்.

கொல்லைக் கிணற்றடியில் துவைகல்லின் பக்கத்தில் நின்று குளித்து, அந்த நீரை வாழைக்கும் தென்னைக்கும் ஓடவிட்ட காலத்தில் கசிவு என்பது ஒரு கவலையாகவே இருந்ததில்லை. ஸ்நானம் வீட்டுக்குள்ளும், பிறகு மாடிக்கும் ஏறிய பின்னரே ஓதம் என்ற சொல் வீட்டுக்காரரின் நெஞ்சில் பயத்தை விளைவிக்கலாயிற்று.

இத்தொழிலுக்கும் இப்பிரதேசத்துக்கும் விசேஷமான ஒரு சம்பந்தம் உண்டு. ஏறத்தாழ பத்துக் கோடி ஆண்டுகளுக்கு முன், கிரெட்டேசியஸ் காலத்தில், இந்நிலத்தின் கிழக்குப் பகுதி கடலின் அடியில் கிடந்தது. அக்கடலில் வாழ்ந்து மடிந்த சிப்பிகளும் நத்தைகளும் பிற உயிர்களும் படிந்து இறுகியதே இன்று அரியலூரைச் சுற்றிலும் வெட்டி எடுக்கப்படும் சுண்ணாம்புக்கல். பெரம்பலூர் மாவட்டத்துச் சாத்தனூரில், 1940ஆம் ஆண்டில் புவியியல் அறிஞர் எம். எஸ். கிருஷ்ணன் வெளிப்படுத்திய, 18 மீட்டர் நீளமுள்ள கல்மரமும் அப்பழைய கடலோரத்தின் சாட்சியே. அரியலூரில் 1979இல் எழுந்த அரசு சிமெண்ட் ஆலை தொடங்கி, ரெட்டிபாளையம், தளவாய், கோவிந்தபுரம், கீழப்பழுவூர் ஆகிய இடங்களில் அமைந்த தனியார் ஆலைகள் வரை யாவும் அக்கல்லை நம்பியே இயங்குகின்றன. டைல்ஸ் பெரும்பாலும் குஜராத்தின் மோர்பியிலிருந்து லாரியேறி வருகிறது. அதைச் சுவரில் பிடித்து நிறுத்தும் சிமெண்ட் மட்டும் நம் காலடி மண்ணிலிருந்தே பிறக்கிறது.

அதே மண் ஓர் இடையூறும் செய்கிறது. கரிசல் மழையில் உப்பிக் கோடையில் சுருங்கி வெடிக்கும் இயல்புடையது. அதன்மேல் நேராகப் போட்ட தரைத்தளக் குளியலறை இரண்டொரு வருஷங்களில் விரிசல் காண்பது திண்ணம். ஆதலால் கரிசலை வேண்டிய ஆழம் வரை அகற்றி, கிராவல் கொட்டி, நீர்விட்டுத் திமிசுக்கட்டையால் இடித்து இறுக்கிய பின்னரே கான்கிரீட் போடவேண்டும். மாடியில் இக்கவலை இல்லை. அங்கே குழாய்களுக்கு இடம் தரும் பொருட்டு ஸ்லாபையே தாழ்த்தி வார்த்து, செங்கல் உடைசலால் நிரப்புவார்கள். அப்பள்ளத்தில் இறங்கிய நீர் வெளியேற வழியின்றி நின்று, கீழ் அறையின் கூரையில் கறையாகத் தலைகாட்டும்.

தளவேலையின் உயிர் வாட்டத்தில் இருக்கிறது. அடிக்குக் கால் அங்குலம் என்பது மேஸ்திரிகள் கைக்கொள்ளும் பிரமாணம். வடிவாய் ஐந்தடி தூரத்தில் இருந்தால் தளத்தின் மறுகோடி ஒன்றேகால் அங்குலம் உயர்ந்திருக்க வேண்டும். முதலில் வடிவாயில் வைக்கும் நானி டிராப்பை அதன் இறுதி மட்டத்தில் நிலைநிறுத்தி, அதிலிருந்து நான்கு பக்கமும் நூல் கட்டி, அந்நூலுக்கு ஒத்துக் கலவையை இழுத்துவிடுவதே சரியான முறை. டிராப்பில் 50 மில்லிமீட்டர் ஆழத்துக்கு நீர் நின்று சாக்கடை நாற்றத்தைத் தடுப்பதால், அதைக் குறைத்து வைப்பது பெருந்தவறு.

டைல்ஸ் நீரைத் தடுக்கிறது என்ற எண்ணம் இங்கே பரவலாக இருக்கிறது. வருத்தத்துக்குரிய எண்ணம் அது. டைல்ஸின் இணைப்புகள் வழியே நீர் மெல்ல இறங்கிக்கொண்டே இருக்கும். அதை நிறுத்துவது அடியிலுள்ள வாட்டர் புரூஃபிங் பூச்சு ஒன்றுதான். சுவரும் தரையும் கூடும் மூலையை வளைவாகப் பூசி, ஒரு முறை நெடுக்காகவும் அது உலர்ந்தபின் குறுக்காகவும் அப்பூச்சை அடித்து, ஷவர்ப் பக்கத்துச் சுவரில் ஆறடி வரையேனும் ஏற்ற வேண்டும். இரண்டாம் பூச்சு ஈரமாயிருக்கையில் தூவும் மணல், பிறகு வரும் கலவைக்குப் பிடிப்பாகும்.

சுவரில் பதிக்கும் செராமிக் வகை தன் எடையில் 10 சதவீதத்துக்கு மேலும் நீரை உறிஞ்சக்கூடியது; எனவே தொட்டியில் ஊறவைத்து, குமிழிகள் எழுவது நின்றபின் எடுத்துப் பதிக்க வேண்டும். விட்ரிஃபைடு வகையோ அரை சதவீதத்துக்கும் குறைவாகவே உறிஞ்சுமாதலால் சாதாரணக் கலவை அதைப் பற்றாது. டைல்ஸ் பசையைப் பல் கரணையால் வாரி இழுத்து ஒட்டுவதே தகும். ரசமட்டம் பார்த்து ஒரு சட்டத்தை அடித்து, இரண்டாம் வரிசையிலிருந்து மேலே ஏறி, தரை முடிந்த பிறகே கீழ் வரிசையை அதன்மேல் அமர்த்துவது உத்தமம். அப்போது சுவரில் வழியும் நீர் இணைப்பில் நுழையாமல் தரைமேல் விழும். மூலைக்கொன்றும் நடுவில் ஒன்றுமாகக் கலவை உருண்டைகளை அப்பிச் சுவரில் அமுக்கும் பழக்கம் வேலையை விரைவாக்குவது மெய்யே. ஆயினும் உள்ளே வெற்றிடம் விட்டு, அதில் நீர் சேர்ந்து, நாளடைவில் டைல்ஸைக் கழற்றிவிடும். தட்டினால் பொள்ளென்று ஒலிப்பதை அன்றே பெயர்த்து மறுபடி பதிக்கச் செய்ய வேண்டும்.

சுண்ணாம்புப் பிரதேசமாகையால் ஆழ்துளைக் கிணற்று நீர் பெரும்பாலும் கடினமானது. டைல்ஸ்மேல் வெள்ளைக் கறை படியும். அதைப் போக்க ஆசிட் ஊற்றுகிறவர்கள், சுண்ணாம்புக்கல்லைக் கரைக்கும் அதே ஆசிட் இணைப்புகளில் அடைத்த சிமெண்டையும் கரைக்கும் என்பதை அறிவதில்லை. குளித்து முடித்ததும் சுவரைத் துடைத்துவிடுவது போதும்.

வீடு கட்டுவோர் மேஸ்திரியிடம் ஒன்றை மட்டும் தயக்கமின்றிக் கேளுங்கள்: பூச்சு உலர்ந்ததும், டைல்ஸ் வருமுன், வடிவாயை அடைத்து இரண்டு நாள் தண்ணீர் கட்டி வைத்து, கீழே போய்க் கூரையைப் பாருங்கள்.