பாரமோர் காந்தப் பிரயாணம்

பூமியின் காந்த சக்தி கடற்பரப்பில் இடத்துக்கு இடம் எவ்வாறு மாறுபடுகிறது என்று அளந்தறியும் பொருட்டு, எட்மண்ட் ஹாலி (1656-1742) என்ற ஆங்கில வானசாஸ்திரி, பாரமோர் என்னும் சிறு கப்பலில் 1698 முதல் 1700 வரை அட்லாண்டிக் சமுத்திரத்தில் மேற்கொண்ட இரு பிரயாணங்கள். வியாபாரமோ யுத்தமோ கருதாமல், சாஸ்திர ஆராய்ச்சியையே முதன்மையான நோக்கமாகக் கொண்டு ஓர் அரசாங்கக் கப்பல் புறப்பட்டது அக்காலத்தில் அபூர்வம். அதனினும் அபூர்வமானது, அந்த ஆராய்ச்சியின் பின்னணியில், பூமியின் வயிற்றுக்குள் சுழல்வதாக ஹாலி கற்பித்த ஓர் உலகம் இருந்தது என்பதாகும்.

திசைகாட்டியின் ஊசி மெய்யான வடக்கை விட்டுச் சிறிது விலகி நிற்பதையும், அவ்விலக்கம் ஊருக்கு ஊர் வேறுபடுவதையும் மாலுமிகள் நெடுங்காலமாக அறிந்திருந்தனர். பூமியே ஒரு பெருங்காந்தம் என்று வில்லியம் கில்பர்ட் 1600-இல் நிறுவியபின் சிக்கல் தீர்ந்தது போலத் தோன்றிற்று. ஆனால், 1580-இல் லண்டனில் கிழக்கே 11 பாகைக்குச் சற்று மேலாக இருந்த விலக்கம் 1634-இல் ஏறக்குறைய 4 பாகையாகக் குறைந்துவிட்டதை ஹென்றி கெல்லிபிராண்ட் கண்டபோது, அசையாத பூமிக் காந்தத்தில் ஊசி மட்டும் அசைவானேன் என்ற கேள்வி எழுந்தது.

இதற்கு ஹாலி 1692-இல் கூறிய சமாதானம் துணிச்சலானது. நாம் வசிக்கும் நிலம் சுமார் 500 மைல் கனமுள்ள ஓர் ஓடு. அதனுள்ளே, இடைவெளி விட்டு, ஒன்றனுள் ஒன்றாக வேறு கோளங்கள் அமைந்துள்ளன. அவை மேலோட்டைக் காட்டிலும் அணுவளவு மெதுவாகச் சுழல்வதால், அவற்றின் காந்தத் துருவங்கள் ஆண்டுதோறும் மேற்கே பின்தங்கி, ஊசியையும் தம்மோடு இழுத்துச் செல்கின்றன என்பது அவர் கொள்கை. அக்கோளங்களில் உயிர்கள் வசிக்கலாம் என்றும், அவற்றுக்கு ஒளி தரும் ஏற்பாடு ஒன்று இருக்கக்கூடும் என்றும் அவர் எழுதியதைப் படிப்போர் பாதாள லோகத்தை நினைத்துக்கொண்டால் அதில் வியப்பில்லை.

ஆனால் ஹாலி புராணிகர் அல்லர். அனுமானத்துக்கு அளவு வேண்டும் என்பதை உணர்ந்தவர். காந்த விலக்கத்தைக் கொண்டு நடுக்கடலில் தீர்க்கரேகையைக் கணிக்கலாம் என்ற நம்பிக்கையும் சேர்ந்துகொண்டது. 52 அடி நீளமே உள்ள பாரமோரை ஒப்படைத்து, கடற்படையில் என்றும் ஊழியம் செய்திராத அவருக்கே அரசாங்கம் கேப்டன் பதவியையும் அளித்தது. முதற்பிரயாணம் அதிகாரிகளின் கீழ்ப்படியாமையால் கெட்டது. ஹாரிசன் என்ற உபதளபதி தீர்க்கரேகையைப் பற்றி எழுதிய நூல் ஒன்று முன்பே அறிஞரிடம் ஆதரவு பெறாது போயிருந்தது. கப்பல் நடுக்கடலில் சென்றபோது அந்தப் பழைய மனக்கசப்பு வெளிப்பட்டது. 1699-இல் நாடு திரும்பிய ஹாலி, அதே ஆண்டு செப்டம்பரில் மறுபடியும் புறப்பட்டார்.

உதய அஸ்தமனங்களில் சூரியன் நிற்கும் திசையைக் கணக்கிட்டு, அதனை ஊசி காட்டும் திசையோடு ஒப்பிடுவதே அவர் கையாண்ட முறை. அவ்வாறு தெற்கே செல்லச் செல்ல, 1700 பிப்ரவரித் தொடக்கத்தில், 52 பாகை தென் அட்சரேகைக்கும் அப்பால், தட்டையான உச்சியுடைய வெண்ணிறத் தீவுகள் தோன்றின. அவை தீவுகள் அல்ல, மிதக்கும் பனிமலைகள் என்பது கிட்டச் சென்றபின்னரே தெரிந்தது. மூடுபனியில் கப்பல் அவற்றின்மீது மோதாமல் தப்பியதே பெரிது. அக்கடல்களில் பறவைக்கும் மீனுக்கும் இடைப்பட்ட பிராணிகள் மிகுதி என்று தம் படத்தில் அவர் குறித்துவைத்தார். திரும்பும் வழியில் பிரேசிலின் பெர்னம்புகோவில் கடற்கொள்ளைக்காரர் என்ற சந்தேகத்தின்பேரில் காவலில் வைக்கப்பட்டார். நியூபவுண்ட்லாந்தில் மீனவர்கள் அதே சந்தேகத்தால் அவர் கப்பலின்மீது சுட்டனர்.

1701-இல் வெளியான அட்லாண்டிக் படத்தில், சமமான விலக்கமுள்ள இடங்களை வளைகோடுகளால் ஹாலி இணைத்துக் காட்டினார். அச்சேறி இன்றும் எஞ்சியுள்ள இத்தகைய படங்களுள் இதுவே முதலாவது. சமவெப்பக் கோடுகளும் சமவுயரக் கோடுகளும் வரையும் இன்றைய வழக்கத்துக்கு இது முன்னோடி. அடுத்து வந்த உலகப் படத்தில், தகவல் கிடைக்காத பசிபிக் சமுத்திரத்தைக் கோடுகளின்றி விட்டுவைத்தது அவருடைய நேர்மைக்குச் சான்று. காந்த விலக்கம் மாறிக்கொண்டே வந்தமையால் படம் பழமைப்பட்டது. 1744-இலும் 1756-இலும் பிறர் அதைத் திருத்தி வெளியிட்டனர்.

பூமி உள்ளீடற்றது அன்று. எனினும், மேற்கு நோக்கிய நகர்ச்சிக்குக் காரணம் மேலோட்டில் அன்றி ஆழத்தில் உள்ளது என்ற ஹாலியின் ஊகம் பிழைபடவில்லை. உருகிய இரும்பாலான வெளிக்கருவின் ஓட்டமே காந்தப்புலத்தை உண்டாக்குகிறது என்றும், அதனுள்ளே திண்மையான உட்கரு ஒன்று உண்டு என்றும் இன்று அறிகிறோம். ஹாலியோ தம் கொள்கையைக் கைவிடவே இல்லை. 1716-இல் லண்டன் வானில் துருவ ஒளி தோன்றியபோது அதற்கும் பூமியின் காந்தத்தையே காரணமாகக் காட்டினார். எண்பதாம் பிராயத்தில் மைக்கேல் டால் தீட்டிய ஓவியத்தில் அவர் ஏந்தியிருப்பது, புகழ்பெற்ற கடற்படம் அன்று; ஒன்றனுள் ஒன்றாக அடங்கிய அந்தக் கோளங்களின் சித்திரமே.