கல்வியியற் கல்லூரி அனுமதியும் நீதிமன்றின் கண்காணிப்பும்

மலையகப் பெருந்தோட்டப் பாடசாலைகளின் ஆசிரியர் பற்றாக்குறை இன்று நேற்றுத் தோன்றியதல்ல. தோட்ட நிர்வாகங்களின் கீழ் நெடுங்காலம் கைவிடப்பட்ட நிலையிலிருந்த இப்பாடசாலைகளை அரசு 1970களிலேயே கட்டங்கட்டமாகப் பொறுப்பேற்கத் தொடங்கியது. வெளிமாவட்டங்களிலிருந்து நியமனம் பெற்று வருவோர் இடமாற்றம் பெற்றுச் செல்ல, வகுப்பறைகள் மீண்டும் வெறுமையாகின்றன. அம்மண்ணின் பிள்ளைகளே பயிற்சி பெற்று ஆசிரியர்களாவதுதான் நிலையான தீர்வாகும். இந்நோக்கிலேயே கொட்டகலைக்கு அருகே பத்தனையில் ஜேர்மன் உதவியுடன் ஸ்ரீபாத கல்வியியற் கல்லூரி அமைக்கப்பட்டது. எனினும், அங்கு அனுமதி வழங்கும்போது இந்நோக்கம் பேணப்படுவதில்லை என்ற மனக்குறை மலையகத்தில் பலமுறை எழுப்பப்பட்டு வந்துள்ளது.

இத்தகைய மனக்குறைகளை நீதிமன்றின் முன் கொண்டுசெல்ல வழி உண்டு. அரசியலமைப்பின் 12ஆவது உறுப்புரை, சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்பதுடன், இனம், மதம், மொழி, பிறப்பிடம் முதலியவற்றின் பேரில் பாரபட்சம் காட்டுவதையும் தடைசெய்கின்றது. நிர்வாக நடவடிக்கையால் இவ்வுரிமை மீறப்பட்டால் 126ஆவது உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றில் மனுத்தாக்கல் செய்யலாம்.

எனினும் பெருந்தோட்ட இளைஞர்களுக்கான விசேட ஒதுக்கீடு என்ற விடயத்தில் ஒரு சிக்கல் உள்ளது. 12(4) உறுப்புரை விசேட ஏற்பாடுகளுக்குரியோராகப் பெண்கள், சிறுவர்கள், இயலாதோர் ஆகியோரையே பெயர் குறிப்பிடுகின்றது. இந்தியாவில் சென்னை மாகாணத்தின் வகுப்புவாரி ஒதுக்கீட்டை 1951இல் உச்ச நீதிமன்றம் செல்லாதென்றபோது, கல்வியில் பின்தங்கிய வகுப்பினருக்காக 15(4) என்ற புதிய ஏற்பாடு அதே ஆண்டில் சேர்க்கப்பட்டது. அத்தகைய வெளிப்படையான ஏற்பாடு இங்கில்லை. ஆயினும் செனவிரத்ன எதிர் பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழு வழக்கில், பின்தங்கிய மாவட்டங்களுக்கான அனுமதி ஒதுக்கீட்டை நமது உயர் நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. நியாயமான அடிப்படை காட்டப்பட்டால் ஒதுக்கீடு சமத்துவத்துக்கு முரணாகாது என்பதே இதிலிருந்து நாம் பெறும் பாடமாகும்.

ஆனால் மாவட்டம் என்ற அளவுகோல் மட்டும் போதாது. நுவரெலியா மாவட்டம் முழுவதும் ஒரே அலகாகக் கொள்ளப்படும்போது, நகரப் பாடசாலை மாணவனும் லயன் அறையில் படித்த மாணவியும் ஒரே தட்டில் நிறுக்கப்படுகின்றனர்.

அடுத்து, காலவரையறை. அடிப்படை உரிமை மனுவை ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்தல் வேண்டும். புள்ளிகளையும் தெரிவு அளவுகோல்களையும் கோரி 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பித்தால், முடிவெடுப்பதற்கே அதிகாரிகளுக்கு 14 வேலை நாட்கள் உண்டு. தகவல் கைக்கு வருமுன் மாதம் கடந்துவிடலாம். அம்மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆவது பிரிவின்படி, அங்கு விசாரணை நிலுவையிலுள்ள காலம் கணக்கிற் கொள்ளப்படாது. இவ்வழியைப் பாதிக்கப்பட்டோர் அறிந்திருத்தல் அவசியம்.

நீதிமன்றம் தவறைத் திருத்தலாம். கொள்கை வகுப்பது அரசின் கடமை. தமிழ்மொழி மூல இடங்கள் தமிழ், முஸ்லிம் பரீட்சார்த்திகள் இருசாராருக்கும் உரியவை. அளவுகோல் மறைக்கப்படுமிடத்து, ஒரு சமூகம் மற்றதைச் சந்தேகிக்கும் நிலையே உருவாகும். எனவே தெரிவுப் பட்டியலுடன் பாடவாரியான இடங்கள், வெட்டுப்புள்ளிகள், பிரதேச ஒதுக்கீடு ஆகியவற்றையும் கல்வி அமைச்சு ஒரே நாளில் வெளியிட வேண்டும். பெருந்தோட்டப் பிரிவுகளுக்கான ஒதுக்கீட்டை அதற்கான காரணங்களுடன் வர்த்தமானியில் எழுத்தில் வைக்க வேண்டும். எழுத்தில் இல்லாத வாக்குறுதியை ஆட்சிகள் மறக்கலாம். எழுத்தில் உள்ளதையோ நீதிமன்றின் முன் வைத்துக் கேட்கலாம்.