கிழங்கு வாத்தியார்

தணலில சுட்ட வத்தாளங்கிழங்கு எங்களுக்குப் பின்னேரத் தேத்தண்ணியோட கடிக்கிற சாமான். யப்பானில் அது பஞ்சத்தில் உயிர் காத்த சாப்பாடு.

அமெரிக்கக் கண்டத்தில் பிறந்த இந்தக் கிழங்கை 1605இல் நொகுனி சோகன் சீனாவிலிருந்து ஒகினாவாவுக்குக் கொண்டுவந்தார். 1732இல் பூச்சி விழுந்து மேற்கு யப்பானில் நெல் அழிந்தது. பட்டினியால் சனம் செத்தது. கிழங்கு நட்டிருந்த சத்சுமாவில் சாவு குறைவு. அதைப் பார்த்த ஷோகன் யொஷிமுனே, 1735இல் அறிஞர் அவோகி கொன்யோவைக் கொண்டு எடோவிலும் கிழங்கை நட்டுப் பார்க்கச் செய்தார்.

பிறகு எடோத் தெருவெல்லாம் சுட்ட கிழங்குக் கடைகள் வந்தன. மெல்லிய சூட்டில் கிழங்கின் மாப்பொருள் சீனியாக மாறும். சீனி வாங்க வசதியில்லாத சனத்துக்கு அதுதான் பலகாரம்.

கொன்யோவின் கல்லறையில் 'வத்தாளங்கிழங்கு வாத்தியார்' என்றுதான் வெட்டியிருக்கு. எங்கட சரித்திரப் புத்தகங்களில் கிழங்கு நட்டவைக்கு எத்தனை வரி இருக்கு?