பாடிய பேராசிரியர்: கே.ஏ. குணசேகரன்

நம் கூட்டங்களில் 'மனுசங்கடா' பாடலைக் கேட்காதவர்கள் குறைவு. எழுதியவர் கவிஞர் இன்குலாப். 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரித்துக் கொல்லப்பட்ட கொடுமையின் மீதான கோபம் அந்தப் பாட்டு. அதை ஊர் ஊராகக் கொண்டுபோய்ச் சேர்த்த குரல் கே.ஏ. குணசேகரனுடையது. பாட்டு நமக்கு மனப்பாடம். பாடியவரின் வாழ்க்கையோ நம்மில் பலருக்குத் தெரியாது.

1955இல் இளையான்குடிக்கு அருகிலுள்ள மாரந்தையில் ஒரு தலித் குடும்பத்தில் பிறந்தார். தன் இளமைக் காலத்தை 2005இல் வெளிவந்த 'வடு' என்ற தன்வரலாற்றில் எழுதினார். இளையான்குடி இஸ்லாமியர்களோடு பழகும்போது அவர் உணராத தீண்டாமை, சுற்றுக் கிராமங்களுக்குப் போனதும் எதிரே வந்து நிற்கிறது. சில மைல் தூரத்துக்குள் ஒரே சிறுவன் ஓரிடத்தில் மனிதன், இன்னோரிடத்தில் தீண்டத்தகாதவன். சாதி பிறவிக்குணமல்ல, ஊர் செய்துவைத்த ஏற்பாடு என்பதைப் புரிந்துகொள்ள நமக்கு இந்த ஒரு அனுபவம் போதும்.

படித்தார். நாட்டுப்புறக் கலைகளை ஆய்வு செய்தார். புதுவைப் பல்கலைக்கழகத்தில் நாடகப் பேராசிரியரானார். சென்னை உலகத் தமிழாராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநராகவும் இருந்தார். பதவி உயர்ந்தால் சேரியை மறைத்துக்கொள்ளச் சொல்கிற சமூகம் இது. அவரோ 'தன்னனானே' கலைக்குழுவோடு மேடையேறிப் பாடிக்கொண்டே இருந்தார்.

பறை குறித்து நம் இயக்கங்களுக்குள் நீண்ட விவாதம் உண்டு. சாவு வீட்டில் அடிக்கச் சொல்லி ஊர் சுமத்திய இழிவு அது, தூக்கி எறிவோம் என்பது ஒரு குரல். அப்படி அடிக்க மறுத்ததற்காகத் தாக்கப்பட்டவர்களும் உண்டு. கட்டாயத்தை மறுப்போம், கலையை நம் கையில் எடுப்போம் என்பது இன்னொரு குரல். குணசேகரன் இரண்டாவது வழியில் நடந்தவர். அடிமை வேலையாக இருந்த இசை, உரிமை கேட்கும் மேடையில் ஒலித்தபோது அதன் பொருளே மாறியது.

1991 அம்பேத்கர் நூற்றாண்டை ஒட்டித் தமிழில் தலித் இலக்கியம் வேகமெடுத்தது. அந்தக் காலத்தில் அவர் எழுதிய 'பலி ஆடுகள்' தமிழின் முதல் தலித் நாடகம் என்று பேசப்படுகிறது. நரபலி என்று வந்தால் வெட்டுப்பட நிறுத்தப்படுவது யார் என்று அது கேட்டது. ஒடுக்கப்பட்டவர்களுக்குள்ளும் பெண் எங்கே நிற்கிறாள் என்றும் கேட்டது. இந்த இரண்டாவது கேள்வி நம்மை நோக்கியது. இன்றும் அதற்கு நாம் முழுதாகப் பதில் சொல்லவில்லை.

'சேரிப்புறவியல்' என்று ஒரு நூலுக்குப் பெயர் வைத்தார். நாட்டுப்புறவியல் என்று பொதுவாகச் சொல்லும்போது பாட்டு மிஞ்சுகிறது, பாடியவரின் சாதி துன்பம் காணாமல் போகிறது. அந்தப் பெயரே அதற்கு ஒரு மறுப்பு.

2016 ஜனவரி 17 அன்று புதுச்சேரியில் குணசேகரன் மறைந்தார். அதே நாளில்தான் ஹைதராபாத் மத்தியப் பல்கலைக்கழகத்தில் ரோஹித் வெமுலாவை இழந்தோம். வடுக்களோடு கல்வி நிலையத்துக்குள் போய் அங்கே ஆசிரியராக நின்றவர் ஒருவர். அதே போன்ற வளாகத்தில் வாழவே முடியாமல் போன ஆய்வு மாணவர் இன்னொருவர். அந்த ஆண்டு டிசம்பர் 1 அன்று இன்குலாபும் விடைபெற்றார்.

தோழர்களே, நினைவுநாளில் படத்துக்கு மாலை போடுவதோடு நிறுத்திக்கொள்ள வேண்டாம். 'வடு'வைக் கல்லூரி வாசகர் வட்டத்தில் படித்து விவாதிப்போம். நம் பாட்டிகளின் தாலாட்டையும் ஒப்பாரியையும், பாடியவர் பெயரோடும் ஊரோடும் பதிவு செய்வோம். புதிதாக வளாகத்துக்குள் வரும் நம் தம்பி தங்கைகள் தனித்து விடப்படாமல் பார்த்துக்கொள்வோம். குணசேகரன் உள்ளே போய்த் திறந்துவைத்த கதவு அது. அதை மூடவிடாமல் காப்பது நம் பொறுப்பு.

ஜெய் பீம்!