லூயி ஓட்டென்

லூயி ஓட்டென் (5 நவம்பர் 1883 – 7 நவம்பர் 1946) நெதர்லாந்தைச் சேர்ந்த கால்பந்து வீரர், மருத்துவர், நுண்ணுயிரியலாளர். 1908 இலண்டன் ஒலிம்பிக்கில் வெண்கலம் வென்ற டச்சு அணியின் தடுப்பாட்டக்காரர். பிற்காலத்தில் ஜாவாத் தீவில் பிளேக் நோய்க்கு உயிருள்ள தடுப்பூசியையும், வெப்பநாட்டில் கெடாத உலர் அம்மைப்பாலையும் உருவாக்கியவர். விளையாட்டு நூல்களில் ‘லூ ஓட்டென்’ என்ற பெயரில் இடம்பெறுகிறார்.

தி ஹேக் நகரை ஒட்டிய ரைஸ்வைக்கில் பிறந்த ஓட்டென், தி ஹேக்கின் குவிக் கழகத்துக்காக ஆடினார். கிரிக்கெட்டும் கால்பந்தும் ஆடிய கழகம் அது. 1908இல் நாட்டின் சாம்பியன் பட்டத்தை வென்றது. நெதர்லாந்தின் தேசிய அணிக்கு அப்போது வயது மூன்றுதான்; அதன் முதல் அதிகாரபூர்வ ஆட்டம் 1905 ஏப்ரல் 30 அன்று ஆண்ட்வெர்ப்பில் பெல்ஜியத்துக்கு எதிராக நடந்தது. பந்தாட்டத்தைப் பிழைப்பாகக் கொண்டவர் எவரும் அந்த அணியில் இல்லை. வசதியான குடும்பத்து மாணவர்களும் அதிகாரிகளும் ஓய்வு நேரத்தில் ஆடினார்கள். 1907 முதல் 1911 வரை ஓட்டென் 13 பன்னாட்டு ஆட்டங்களில் களமிறங்கினார்.

ஒலிம்பிக் வெண்கலம் வந்த விதத்தில் அதிர்ஷ்டத்துக்கும் பங்குண்டு. முதல் சுற்றில் மோதவேண்டிய ஹங்கேரி வரவேயில்லை. அரையிறுதியில் பிரிட்டன் 4–0 என்று வென்றது. நான்கு கோல்களையும் ஹரோல்டு ஸ்டேப்ளி ஒருவரே போட்டார். டென்மார்க்கிடம் 17–1 என்று நொறுங்கிய பிரான்ஸ், மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்துக்கு நிற்காமல் ஊர் திரும்பிவிட, அதன் இடத்தில் சுவீடன் வந்தது. அக்டோபர் 23 அன்று நெதர்லாந்து 2–0 என்று வென்றது. ஓட்டென் இரண்டு ஆட்டங்களிலும் பின்களத்தில் நின்றார். அவருக்கு இணையாக நின்ற காரெல் ஹெய்ட்டிங் ஜாவாவில் பிறந்தவர். சுவீடனுக்கு எதிராகக் கோல் போட்டவர்களுள் ஒருவரான எடு ஸ்நெத்லாகேயும் அப்படியே. அவரும் மருத்துவர்தான், இறந்தது சுமாத்திராவின் மேடானில். டச்சு மேல்தட்டுக் குடும்பங்களுக்கும் கிழக்கிந்தியக் குடியேற்றத்துக்கும் இருந்த உறவு அந்தப் பதினொருவர் பட்டியலிலேயே தெரிகிறது. படித்த இளைஞன் ஒருவன் ஜாவாவுக்குக் கப்பலேறுவது அக்காலத்தில் வியப்புக்குரிய செய்தியல்ல.

ஓட்டென் போய்ச் சேர்ந்த ஜாவாவில் பிளேக் பரவிக்கொண்டிருந்தது. 1910இல் அரிசித் தட்டுப்பாட்டைச் சமாளிக்கப் பர்மாவிலிருந்து அரிசி இறக்கினார்கள். மூட்டைகளோடு எலிகளும் தெள்ளுப்பூச்சிகளும் சுரபாயாத் துறைமுகத்தில் இறங்கின. 1911இல் மலைப்பாங்கான மாலாங்கில் மனிதர்கள் சாகத் தொடங்கினர். மூங்கிலால் கட்டிய வீடுகள். மூங்கிலின் உள்ளீடற்ற தண்டு எலிக்கு வாகான வளை. ஆகவே அரசு வீடுகளைப் பிரித்துக் கட்டும் வேலையில் இறங்கியது. முப்பதாண்டுகளில் பத்து இலட்சத்துக்கும் அதிகமான வீடுகள் மாற்றிக் கட்டப்பட்டன. செலவின் பெரும்பகுதி கடனாகக் குடியானவர் தலையிலேயே விழுந்தது. இறந்தவர்களின் மண்ணீரலில் ஊசி செலுத்திச் சோதிக்கும் கட்டாய நடைமுறை முஸ்லிம் மக்களுக்குப் பெரும் மனக்கசப்பைத் தந்தது. இவ்வளவு செய்தும் நோய் கிழக்கு ஜாவாவிலிருந்து மெல்ல மேற்கே நகர்ந்தது. 1911 தொடங்கி அந்நோய் கண்ட முதல் பன்னிரண்டு ஆண்டு வரலாற்றை ஓட்டெனே 1924இல் விரிவான அறிக்கையாக வெளியிட்டார்.

பிற்பாடு அவர் பாண்டுங் நகரத்துப் பாஸ்டர் நிறுவனத்தின் இயக்குநரானார். 1890இல் பத்தாவியாவில் அம்மைப்பால் தயாரிப்பதற்காகத் தொடங்கப்பட்டு, 1923இல் பாண்டுங்குக்கு இடம் மாறிய நிறுவனம் அது. அங்கே அவர் முதலில் தீர்த்தது பெரியம்மைச் சிக்கலை. கால்நடைகளின் தோலிலிருந்து எடுக்கும் அம்மைப்பால் குளிர்ச்சி இல்லாவிட்டால் வீரியம் இழந்துவிடும். ஆயிரக்கணக்கான தீவுகளுக்கு ஐஸ் பெட்டியோடு போவது நடக்கிற காரியமா? ஓட்டென் அதை வெற்றிடத்தில் உலர்த்தி, காற்று நீக்கிய கண்ணாடிக் குப்பிகளில் அடைத்தார். 1927இல் இதை ஜெர்மன் ஆய்விதழில் வெளியிட்டார். 1930களின் பிற்பகுதியில் இந்தோனேசியத் தீவுகளில் பெரியம்மை இல்லாமற்போனதற்கு இந்த உலர் மருந்து முக்கியக் காரணம். போருக்குப்பின் 1947இல் நோய் மீண்டும் வந்தது வேறு கதை. உலகம் முழுவதும் பெரியம்மையை ஒழித்த உறைஉலர் மருந்து 1950களில்தான் வந்தது என்பதை நினைத்தால் ஓட்டென் எவ்வளவு முந்திக்கொண்டார் என்று புரியும். என் கணிப்பில், அதிகம் பேசப்படும் பிளேக் தடுப்பூசியைவிட இதுவே அவருடைய பெரிய சாதனை.

பிளேக்குக்கு அப்போது இருந்தது, கிருமியைக் கொன்று தயாரித்த தடுப்பூசி. 1897இல் பம்பாயில் ஹாஃப்கின் உருவாக்கியது. ஜாவாவில் அதனால் எதிர்பார்த்த பலன் கிட்டவில்லை. உயிருள்ள கிருமியைச் செலுத்த மருத்துவர்கள் தயங்கினார்கள். வலுவிழந்த கிருமி மீண்டும் வலுப்பெற்றால் என்ன ஆகும் என்ற அச்சம் நியாயமானதே. பாண்டுங்குக்குத் தெற்கே சிவிடே என்னும் மலையூரில் கிடைத்த எலியிலிருந்து எடுத்த பிளேக் கிருமி, ஆய்வகத்தில் வைத்திருந்தபோது தானாகவே கொல்லும் தன்மையை இழந்தது. ஆனால் அதைச் செலுத்திய விலங்குகளுக்கு நோய் எதிர்ப்பு வந்தது. அந்தச் ‘சிவிடே’ வகையையே ஓட்டென் தடுப்பூசியாக்கினார்.

1934இல் மேற்கு ஜாவாவின் பிரியாங்கான் பகுதியில் நோய் உச்சம் தொட்டது. அவ்வாண்டு ஜாவாவில் 20,000 பேருக்கு மேல் இறந்தனர். அப்போதுதான் ஊசி கிராமங்களுக்குப் போனது. மக்களில் ஒரு பாதிக்கு ஊசி போட்டு, மறு பாதியைப் போடாமல் விட்டு ஒப்பிட்டார்கள். ஊசி போட்டவர்களிடையே சாவு பல மடங்கு குறைவாக இருந்தது. பலன் தெரிந்ததும் அடுத்த ஆண்டுகளில் பல இலட்சம் பேருக்குப் போடப்பட்டது. ஆய்வின் முறை சரியானது. ஆனால் ஊசி இல்லாமல் விடப்பட்ட பாதியிடம் ஆளும் அரசு சம்மதம் கேட்கும் வழக்கம் அன்று இல்லை. இதையும் அவர் பெருமையோடு சேர்த்தே எழுத வேண்டும். ஏறத்தாழ அதே காலத்தில் மடகாஸ்கரில் ஜிரார், ரோபிக் என்ற பிரெஞ்சு மருத்துவர்கள் இன்னொரு உயிருள்ள தடுப்பூசியைப் பரவலாகப் போட்டனர். பிளேக் வரலாற்றில் இந்த இரண்டு முயற்சிகளும் சேர்த்தே பேசப்படுகின்றன. ஓட்டென் தம் முடிவுகளை 1936இல் வெளியிட்டது இந்திய மருத்துவ ஆராய்ச்சி இதழில். பிளேக்கால் மிக அதிகமாக அடிபட்ட நாட்டின் மருத்துவர்கள் அதை நேரடியாகவே படிக்க முடிந்தது.

63ஆம் பிறந்தநாள் கழிந்து இரண்டு நாளில், தி ஹேக் நகரில் ஓட்டென் காலமானார். அவர் தலைமையேற்றிருந்த நிறுவனம் இன்று பயோ ஃபார்மா என்னும் பெயரில் இந்தோனேசிய அரசின் தடுப்பூசித் தொழிற்சாலையாக அதே பாண்டுங்கில் இயங்குகிறது. அந்நகரில் ‘டாக்டர் ஓட்டென்’ பெயரில் ஒரு தெருவும் இருக்கிறது.