சம்பளப் பணமும் கூட்டுக் குடும்பமும்

வரலாறு என்றதும் போர்க்களமும் அரண்மனையுமே நம் நினைவுக்கு வருகின்றன. ஆயினும் அஞ்சறைப் பெட்டி இருக்கும் இடத்திலும் வரலாறு உண்டு. மாதந்தோறும் வீட்டுக்கு வரும் சம்பளம் யாருக்கு உரியது? எளிதாகத் தோன்றும் இக்கேள்விக்குச் சட்டத்தில் தெளிவான விடை காண ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் ஆயின.

1857ஆம் ஆண்டில் சென்னைப் பல்கலைக்கழகம் தோன்றியது. அதன் பின்னர்ப் பட்டம் பெற்ற இளைஞர் பலர் வக்கீல்களாகவும் குமாஸ்தாக்களாகவும் ஆசிரியர்களாகவும் நகரத்தில் குடியேறினர். திருவல்லிக்கேணியிலோ மயிலாப்பூரிலோ ஒரு வாடகை வீடு. விடியுமுன் எழுந்து சமைக்கும் மனைவி. மணி பார்த்து அலுவலகத்துக்கு ஓடும் கணவன். இதுவே புதிய நடுத்தரக் குடும்பம். ஊரிலோ அண்ணன் தம்பியர் பொது நிலத்தை உழுது காத்து வந்தனர். 1880இல் அஞ்சலகம் தொடங்கிய மணியார்டர் இவ்விரு வீடுகளையும் இணைத்தது.

இங்கேதான் சிக்கல் எழுந்தது. குடும்பப் பணத்தில் சிறப்புக் கல்வி பெற்றவன் ஈட்டும் பொருள் குடும்பத்தார் அனைவர்க்கும் பொது என்பது அக்கால நீதிமன்றங்களின் கருத்து. ஆண் வாரிசு இல்லாமல் அவன் இறந்தால், அச்செல்வம் உடன்பங்காளிகளைச் சேரும். உடன் வாழ்ந்த மனைவிக்குச் சீவனாம்சமே மிஞ்சும். மறுபுறம், தம்பி படிப்பதற்காகத் தன் படிப்பை விட்டு ஏர் பிடித்த அண்ணனின் உழைப்புக்கு மதிப்பில்லையா? இரு பக்கத்திலும் நியாயம் இருந்தது என்பதை நாம் மறத்தலாகாது.

1891இல் வி. பாஷ்யம் ஐயங்கார் சென்னைச் சட்டசபையில் இதற்கென ஒரு மசோதாவைக் கொண்டுவந்தார். சபை ஏற்றும் கவர்னர் இசைவு தரவில்லை. 1921இல் இலண்டன் பிரிவி கவுன்சில், ஐ.சி.எஸ். அதிகாரி ஒருவரின் வருமானமும் குடும்பப் பொதுச் சொத்தே என்று தீர்ப்பளித்தது. இறுதியில் எம். ஆர். ஜெயகரின் முயற்சியால் 1930ஆம் ஆண்டு இந்துக் கல்வி ஈட்டுப் பொருள் சட்டம் நிறைவேறியது. கல்விச் செலவைக் குடும்பமே ஏற்றிருப்பினும், கல்வியால் ஈட்டிய பொருள் ஈட்டியவனுக்கே உரியதாயிற்று. பின்னர் வந்த 1956ஆம் ஆண்டு வாரிசுரிமைச் சட்டம், உயில் எழுதாமல் இறந்தவனின் தனிச் சொத்தில் மனைவி, மகன், மகள், தாய் ஆகியோர்க்குச் சமபங்கு வழங்கியது.

சட்டம் உடைமையைத் தீர்த்து வைத்தது. நன்றிக்கடனை அவரவர் மனத்திற்கே விட்டுவிட்டது. அதனாலன்றோ, 1930க்குப் பின்னரும் எத்தனையோ பேர் ஊருக்குப் பணம் அனுப்பியும், அண்ணன் பிள்ளைகளைத் தம் வீட்டில் வைத்துப் படிக்கவைத்தும் வந்தனர்! உங்கள் வீட்டில் பழைய பாகப்பிரிவினைப் பத்திரம் இருப்பின், பெரியோரிடம் கேட்டு வாங்கிப் படியுங்கள். யாருக்கு என்ன கிடைத்தது என்பதோடு, யார் பெயர் அதில் இடம் பெறவில்லை என்பதையும் கவனியுங்கள்.